வாயிலிருந்து எடுத்த சாவி

அன்புத் தோழிக்கு,

உன் கடிதம் போன வாரமே வந்துவிட்டது. பேத்தி நடக்க ஆரம்பித்துவிட்டாள் என்று படித்ததும் மனசு நிறைந்தது. முழங்கால் வலி இப்போது எப்படி இருக்கிறது?

"பள்ளிக்கூடத்தை விட்டு வந்த பிறகு நான் யார் என்றே பிடிபடவில்லை" என்று எழுதியிருந்தாயே, இரண்டு நாள் அதே நினைப்பாக இருந்தேன். அப்புறம் அமெரிக்கப் பெண் இயக்குநர் மாயா டெரனின் 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்' குறும்படத்தைத் தேடிப் போட்டுப் பார்த்தேன். 14 நிமிடம்தான். 1943-இல், தாங்கள் குடியிருந்த ஹாலிவுட் வீட்டிலேயே கணவர் அலெக்சாண்டர் ஹாமிடுடன் சேர்ந்து எடுத்தது. பேச்சே கிடையாது. நாயகியாக நடித்திருப்பதும் மாயாவேதான்.

ஒருத்தி வீட்டுக்கு வந்து நாற்காலியில் கண்ணயர்கிறாள். கனவில் அவளே திரும்பத் திரும்ப அந்த வீட்டுக்கு வருகிறாள். முகம் இருக்க வேண்டிய இடத்தில் கண்ணாடி உள்ள ஒரு கறுப்பு உருவத்தைத் துரத்துகிறாள், எட்டிப் பிடிக்க முடியவில்லை. வாயைத் திறந்தால் நாக்கின்மேல் வீட்டுச் சாவி! கடைசியில் சாப்பாட்டு மேஜையைச் சுற்றி மூன்று பேர், மூவரும் அவளே. ஒவ்வொருத்தியாகச் சாவியை எடுக்கிறார்கள். மூன்றாமவளின் உள்ளங்கை கறுத்திருக்கிறது. அதில் சாவி கத்தியாகிவிடுகிறது.

தூங்குகிறவளை நோக்கி அவள் கத்தியோடு எழுந்து நடக்கிறாள். ஒரே அறைதான். ஆனால் முதல் எட்டு கடல் மணலில், அடுத்தது புல்லில், அப்புறம் நடைபாதையில், அதன் பிறகுதான் கம்பளத்தில். தன்னிடம் தானே வந்து சேர அவ்வளவு தூரம். அந்த இடத்தை மட்டும் நாலு தடவை ஓட்டிப் பார்த்தேன்.

மாயா உக்ரைனின் கியேவில் எலெனோராவாகப் பிறந்தவர், 1922-இல் சின்னக் குழந்தையாக அமெரிக்கா வந்தவர். மாயா என்று பெயர் வைத்துக்கொண்டது படம் எடுத்த அதே 1943-இல்தான். புதுப் பெயர் வந்ததும் எலெனோரா எங்கே போவாள்? அவளும் அந்த மேஜையில்தான் உட்கார்ந்திருக்கிறாள் என்று எனக்குத் தோன்றுகிறது. படம் அந்தத் தூங்குகிறவளின் மரணத்தில் முடிகிறது. அந்த முடிவை என் மனசு இன்னும் ஏற்கவில்லை. மூன்று பேரும் இன்னும் கொஞ்ச நேரம் அங்கேயே உட்கார்ந்திருக்கக் கூடாதா என்று இருந்தது.

ஊரில் யாரும் இப்போது 'டீச்சர்' என்று கூப்பிடுவதில்லை என்கிறாய். நீ டீச்சராவதற்கு முன்னாலேயே எனக்கு உன்னைத் தெரியும். விடுதி மொட்டைமாடியில், வார்டன் தூங்கியதும் மெல்லப் பாடுவாயே, அவளை எனக்கு நன்றாகத் தெரியும். இப்போதும் பாடுகிறாயா? அதை நீ எழுதவே இல்லை.

தை பிறந்ததும் வருகிறேன், இரண்டு நாள் தங்குவேன். படத்தைச் சேர்ந்து பார்க்கலாம்.

அன்புடன்,
உன் பழைய அறைத்தோழி