நோவெலாவிலிருந்து பிரசீலியாவுக்கு

அன்புள்ள தம்பிக்கு,

உன் வீட்டுக்கார அம்மா ஆசையாகப் பார்த்த நோவெலா (அங்கத்திய டிவி நெடுந்தொடர்) நடிகர் பிரேசில் மக்களவைக்கு நிற்கப்போகிறார், ஜெயிப்பாரா, நம்மூர்ப் பத்திரிகைக்கு அதைப் பற்றி எழுதலாமா என்று கேட்டிருக்கிறாய். தாராளமாக எழுது. உட்காருவதற்கு முன் ஒன்றை மனதில் வைத்துக்கொள். பிரேசிலில் நடிகரின் முகம் ஓட்டு வாங்கித் தரும், ஆனால் இடம் கிடைப்பது கட்சிப் பட்டியலைப் பொறுத்தது. அந்த இடத்தில் உட்கார்ந்து அவர் என்ன செய்வார் என்பது, அதற்கு முன் அவர் என்ன செய்துகொண்டிருந்தார் என்பதில் பெரும்பாலும் தெரிந்துவிடும். இந்த மூன்றையும் கலந்துவிட்டால் கட்டுரை கெட்டுவிடும்.

நம் வாசகருக்கு உடனே எம்.ஜி.ஆர். நினைவு வரும். அந்த ஒப்பீட்டை ஒரு வரிக்கு மேல் இழுக்காதே. 1972இல் தனிக் கட்சி, 1977இல் முதலமைச்சர் என்பது ரசிகர் மன்றங்கள் தோள்கொடுத்த பாதை. பிரேசில் நடிகர் ஒரு டிவி நிறுவனத்தின் ஒப்பந்தத்தில் சம்பளம் வாங்குபவர். அவர் பெயரில் கொடி பிடிக்கக் கிளைகள் கிடையாது. நோவெலா நடிகர் யாரும் அங்கே நாட்டின் அதிபர் ஆனதில்லை. அவர்கள் போய்ச் சேர்வது பெரும்பாலும் நகர மன்றம், மாநில சட்டமன்றம், மக்களவை, அல்லது பண்பாட்டுத் துறைப் பதவி.

முதலில் நாள் கணக்கைப் பார். 2026 தேர்தலின் முதல் சுற்று அக்டோபர் 4. சுயேச்சையாக நிற்க அங்கே வழியே இல்லை. தேர்தலுக்கு ஆறு மாதம் முன்பே, அதாவது ஏப்ரல் தொடக்கத்துக்குள், கட்சி உறுப்பினராகப் பதிந்திருக்க வேண்டும். அந்த மாநிலத்தில் வாக்காளர் முகவரியும் அதே ஆறு மாதம் இருக்க வேண்டும். மக்களவைக்கு வயது 21, செனட்டுக்கு 35. கட்சி மாநாடு ஜூலை 20 முதல் ஆகஸ்ட் 5 வரை, மனு ஆகஸ்ட் 15க்குள், பிரசாரம் ஆகஸ்ட் 16 முதல். நடிகர் ஆகஸ்டில்தான் மேடையேறுவார், ஆனால் முடிவு ஏப்ரலிலேயே எடுத்தாகிவிட்டது. அதனால் "திடீரென அரசியலில் குதித்தார்" என்று எழுதாதே. அவர் எந்தத் தேதியில், எந்தக் கட்சியில் பதிந்தார் என்று தேடு.

அடுத்தது திரை. 1997ஆம் ஆண்டுத் தேர்தல் சட்டப்படி, வேட்பாளராகப்போகும் ஒருவர் தொகுத்து வழங்கும் நிகழ்ச்சியைத் தேர்தல் ஆண்டின் ஜூன் 30க்குப் பிறகு எந்த நிலையமும் ஒளிபரப்பக் கூடாது. நடிகர், பாடகர் வேட்பாளரானால் தொழிலைத் தொடரலாம், வானொலியிலும் டிவியிலும் மட்டும் கூடாது என்பது உயர் தேர்தல் நீதிமன்றத்தின் விதி. நாடக மேடையில் நடிக்கலாம், ஆனால் அங்கே ஓட்டுக் கேட்கக் கூடாது. நோவெலா திங்கள் முதல் சனி வரை ஓடுவது, ஒளிபரப்பாகிக்கொண்டிருக்கும்போதே எழுதப்படுவது. பாதியில் ஒருவர் விலகினால் அந்தப் பாத்திரத்தை ஊருக்கு அனுப்பவோ சாகடிக்கவோ கதாசிரியர்தான் வழி தேட வேண்டும். அதனால் தேர்தல் ஆண்டில் நிற்கும் எண்ணமுள்ள நடிகருக்கு நீண்ட பாத்திரம் ஏற்பது சிக்கல்.

கூட்டத்துக்குப் பாடகர் நண்பர்களை அழைத்துக் கச்சேரி வைப்பதும் 2006இலிருந்து தடை. சட்டை, சாவிக்கொத்து கொடுப்பதும் அப்படியே. நிதி திரட்டக் கலை நிகழ்ச்சி நடத்தலாம் என்று 2021இல் உச்ச நீதிமன்றம் அனுமதித்தது, ஆனால் ஓட்டுக் கூட்டத்தில் கச்சேரி கூடாது என்பதை மாற்றவில்லை. 2015இலிருந்து நிறுவனங்கள் பணம் கொடுக்க முடியாது. தனிநபர் முந்தைய ஆண்டு வருமானத்தில் 10 சதவீதம் வரை கொடுக்கலாம். வேட்பாளர் தன் கைக்காசைச் செலவு உச்சவரம்பில் 10 சதவீதம் வரைதான் போடலாம். 2022இல் மக்களவை வேட்பாளருக்கான உச்சவரம்பு சுமார் 31.7 லட்சம் ரெயால் (பிரேசில் பணம்). மீதியெல்லாம் அரசு தரும் தேர்தல் நிதியிலிருந்து கட்சித் தலைமை பிரித்துக் கொடுப்பது. பணக்கார நடிகரும் கட்சியை நம்பித்தான் நிற்க வேண்டியிருக்கிறது.

பிறகு ஏன் கட்சிகள் நடிகரைத் தேடுகின்றன? இந்தக் கணக்கைப் பார். சாவ் பாவ்லோ மாநிலம் முழுவதும் ஒரே தொகுதி, 70 இடங்கள். ஒரு கட்சி இப்போது 71 பேர் வரை நிறுத்தலாம். மொத்தத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் நிற்பார்கள். இலவசத் தேர்தல் ஒளிபரப்பில் மக்களவை வேட்பாளர்கள் அனைவருக்குமாக வாரம் மூன்று நாள், மதியமும் இரவும் பன்னிரண்டரை நிமிடம் கிடைக்கும். இரவில் அது 8.42க்குப் பிறகு. ஒருவருக்கு வருவது சில விநாடிகள். பள்ளி ஆசிரியரோ மருத்துவரோ தான் யார் என்று சொல்வதற்குள் நேரம் முடிந்துவிடும். நடிகர் தன்னை அறிமுகப்படுத்த வேண்டியதே இல்லை, எண்ணை மட்டும் சொன்னால் போதும். கட்சிக்கு அவர் மேல் வரும் ஆசைக்குக் காரணம் இதுதான்.

எண் என்றேன், அதையும் விளக்கு. ஓட்டு எந்திரத்தில் பெயர்ப் பட்டியல் கிடையாது, தொலைபேசி போல எண் பலகைதான். மக்களவைக்கு நான்கு இலக்கம், மாநில சட்டமன்றத்துக்கு ஐந்து. முதல் இரண்டு இலக்கமும் கட்சியின் எண். நான்கையும் அழுத்தியதும் படமும் பெயரும் திரையில் வரும், பச்சைப் பொத்தானை அழுத்தி உறுதி செய்ய வேண்டும். பெயர் 30 எழுத்துக்குள், மக்கள் அழைக்கும் பெயராகவே இருக்கலாம். முதல் இரண்டு இலக்கத்தோடு நிறுத்தினாலும் அது கட்சிக்கான ஓட்டு. முகத்தை நினைவு வைத்தவர் எண்ணை மறந்தால் அந்த ஓட்டு வீண். அதனால்தான் எளிதில் மனதில் நிற்கும் எண்ணுக்குக் கட்சிக்குள் அத்தனை போட்டி. சர்க்கஸ் கோமாளியாகவும் டிவி நகைச்சுவை நடிகராகவும் இருந்த திரிரிக்கா 2010இல் 2222 என்ற எண்ணில் நின்று 13,53,820 ஓட்டு வாங்கினார்.

அவருடைய ஓட்டு என்ன ஆனது என்பதை நன்றாகப் புரிந்துகொள். செல்லுபடியான மொத்த ஓட்டை இடங்களின் எண்ணிக்கையால் வகுத்தால் வருவது தேர்தல் ஈவு. சாவ் பாவ்லோவில் அது சுமார் 3 லட்சம். ஒரு கட்சியின் வேட்பாளர்கள் எல்லோரும் வாங்கிய ஓட்டையும், கட்சிக்கே விழுந்த ஓட்டையும் கூட்டி இந்த ஈவால் வகுப்பார்கள். எத்தனை முறை போகிறதோ அத்தனை இடம், மிச்சத்துக்குத் தனிக் கணக்கு. அந்த இடங்களில் பட்டியலில் அதிக ஓட்டு வாங்கியவர்கள் வரிசைப்படி உட்காருவார்கள். திரிரிக்கா வாங்கியது நான்கு ஈவுக்கும் மேல். அவருக்கு வேண்டியது போக மீந்த ஓட்டில் அவர் கூட்டணியைச் சேர்ந்த மற்றவர்கள் உள்ளே போனார்கள், அவர்களில் ஒரு லட்சம் ஓட்டுக்கூட வாங்காதவரும் உண்டு. கோமாளிக்கு ஓட்டுப் போட்டவர் யாரையெல்லாம் அனுப்பினோம் என்று அறியாமலே அனுப்பினார். இந்த முறையில் எனக்குப் பெரிய மனக்குறை இதுதான்.

பிறகு இரண்டு கதவுகளை அடைத்தார்கள். ஈவில் 10 சதவீதமாவது, அதாவது சாவ் பாவ்லோவில் சுமார் 30,000 ஓட்டாவது சொந்தமாக வாங்கினால்தான் ஈவுக் கணக்கில் கிடைக்கும் இடத்தில் உட்காரலாம் என்று 2015இல் சட்டம் வந்தது. இத்தகைய தேர்தல்களில் கட்சிக் கூட்டணி கூடாது என்பது 2020 நகராட்சித் தேர்தலிலிருந்து நடைமுறை. ஓட்டை இழுத்து வரும் நடிகரின் மதிப்பு சற்றுக் குறைந்தது, ஆனால் போய்விடவில்லை.

அலெஷாந்த்ரே ஃப்ரோட்டாவின் கதையை இந்தக் கணக்கோடு சேர்த்துப் படி. 1980களில் குளோபோ டிவியின் நோவெலாக்களில் நடித்தவர், பிறகு ரியாலிட்டி நிகழ்ச்சிகளில் தெரிந்த முகம். 2018இல், அந்த ஆண்டு அதிபர் தேர்தலில் ஜெயித்த போல்சொனாரோவின் பி.எஸ்.எல். கட்சியில் நின்று சுமார் 1,55,000 ஓட்டு வாங்கினார். அது ஓர் ஈவில் பாதிதான். ஆனால் அதே பட்டியலில் போல்சொனாரோவின் மகன் எடுவார்தோ 18 லட்சத்துக்கும் மேல் வாங்கியிருந்தார். அந்த வெள்ளத்தில் ஃப்ரோட்டா எளிதாக உள்ளே போனார். 2019 ஆகஸ்டில் தலைமையை விமர்சித்ததற்காகக் கட்சி அவரை நீக்கியது. தானாக வேறு கட்சிக்குத் தாவினால் பதவி போகும், ஏனென்றால் இடம் கட்சியுடையது என்பது அங்கே சட்டம். நீக்கப்பட்டவருக்கு அந்த ஆபத்து இல்லை. அவர் பி.எஸ்.டி.பி. என்ற வேறு கட்சியில் சேர்ந்து பதவிக்காலத்தை முடித்தார். 2022இல் அதே மாநிலத்தில் சட்டமன்றத்துக்கு நின்று தோற்றார். முகமும் புகழும் அப்படியேதான் இருந்தன, பட்டியல்தான் வேறு.

இனி ரெஜினா துவார்ட்டே. "பிரேசிலின் காதலி" என்றே பட்டம் பெற்றவர். 1985இல் "ரோக்கே சான்தெய்ரோ", 1988இல் "வாலே துதோ" என நாடே வீட்டில் உட்கார்ந்து பார்த்த நோவெலாக்களின் நாயகி. 2002 அதிபர் தேர்தலில் லூலாவை எதிர்த்த ஜோஸே செராவுக்காக விளம்பரத்தில் தோன்றி, தனக்குப் பயமாக இருக்கிறது என்று சொன்னவர். 2020 மார்ச் 4 அன்று போல்சொனாரோ அரசின் பண்பாட்டுச் செயலர் ஆனார். குளோபோவுடன் அரை நூற்றாண்டு உறவை அதற்காக முடித்துக்கொண்டார். மே 20 அன்று வெளியேற்றம் அறிவிக்கப்பட்டது. மூன்று மாதம்கூட ஆகவில்லை.

ஏன் என்று எழுது, அதுதான் வாசகருக்குத் தேவை. பண்பாட்டு அமைச்சகம் 2019இல் கலைக்கப்பட்டு, சுற்றுலா அமைச்சகத்தின் கீழ் ஒரு செயலகமாகச் சுருக்கப்பட்டிருந்தது. கீழே யார் இருக்க வேண்டும் என்ற முடிவே அவர் கையில் இல்லை. கலைகளுக்கான அரசு நிறுவனமான ஃபுனார்த்தேயில் அவர் விலக்கிய தலைவரை மே மாதத்தில் மேலிடம் மறுபடி நியமித்து, அன்றே அதை ரத்தும் செய்தது. கொரோனாவில் அரங்குகள் மூடிக் கலைஞர்கள் வருமானமின்றித் தவித்த நேரம் அது. அவர்களுக்கு 300 கோடி ரெயால் உதவி வழங்கும் அல்திர் பிளாங்க் சட்டம், 2020 ஜூன் 29 அன்று, நாடாளுமன்றத்தின் முயற்சியால் வந்தது. மக்களின் அன்பு ஒரு நடிகைக்குப் பதவி வாங்கித் தந்தது, ஆனால் அந்தப் பதவியில் நிதியோ நியமன உரிமையோ இல்லாதபோது அந்த அன்பால் எதுவும் நகரவில்லை.

அவருக்குப் பின் வந்த மாரியோ ஃப்ரியாஸ் "மல்யசாவ்" என்ற இளைஞர் நோவெலாவில் அறியப்பட்டவர். 2022 மார்ச்சில் செயலர் பதவியை விட்டார், தேர்தலில் நிற்க ஆறு மாதம் முன்பே விலக வேண்டும் என்பதால். அக்டோபரில் சாவ் பாவ்லோவிலிருந்து மக்களவைக்குப் போனார். இவரை ஒரு பத்தியில் முடித்துவிடலாம்.

நீ இடம் ஒதுக்க வேண்டியது பெத்தே மென்டெஸுக்கு. 1949இல் சாந்தோஸ் நகரில் பிறந்தவர். 1968இல் டிவி துப்பியில் தொடங்கி நோவெலாவின் நடையையே மாற்றிய "பெத்தோ ராக்ஃபெல்லர்" தொடரில் நடித்தார். இராணுவ ஆட்சியை எதிர்த்த தலைமறைவு இயக்கத்தில் இருந்ததற்காக 1970இல் கைதாகி, சாவ் பாவ்லோவின் டோய்-கோடி என்ற இராணுவ விசாரணை முகாமில் சித்திரவதைக்கு ஆளானார். வெளியே வந்து மறுபடி நடித்தார். தொழிலாளர் கட்சி பிறந்தபோது அதில் சேர்ந்தார். 1982இல் அந்தக் கட்சி மக்களவைக்கு அனுப்பிய எட்டுப் பேரில் ஒருவர் இவர்.

1985 ஜனவரி 15 அன்று, தேர்தல் குழுவில் அதிபரைத் தேர்ந்தெடுக்கும் வாக்கெடுப்பு. நேரடித் தேர்தல் இல்லாததால் புறக்கணிக்க வேண்டும் என்றது கட்சி. பெத்தேயும் இன்னும் இரண்டு பேரும் போய் தான்கிரேதோ நெவெசுக்கு ஓட்டளித்தார்கள், இராணுவ ஆட்சி முடியட்டும் என்று. கட்சியில் அவர்களுக்கு இடமில்லாமல் போனது. அதே ஆண்டு ஆகஸ்டில், நெவெசுக்குப் பதிலாக அதிபரான சார்நேயுடன் உருகுவாய் போன குழுவில் இருந்தார். அங்கே பிரேசில் தூதரகத்தின் இராணுவப் பிரதிநிதியாக நின்றவர் கர்னல் பிரில்யாந்தே உஸ்த்ரா. தன்னைச் சித்திரவதை செய்தவர் அவர்தான் என்று அடையாளம் கண்டு, ஊர் திரும்பியதும் அதிபருக்குக் கடிதம் எழுதினார், அதை நாடே அறியச் செய்தார். இராணுவ அமைச்சர் கர்னலின் பக்கம் நின்றார். ஆனால் பதவியில் இருக்கும் ஓர் உறுப்பினர், பெயர் சொல்லி, பொதுவில் குற்றம்சாட்டியதை அழிக்க முடியவில்லை. 2008இல் சாவ் பாவ்லோ நீதிமன்றம், வேறொரு குடும்பம் தொடுத்த உரிமையியல் வழக்கில், உஸ்த்ரா சித்திரவதை செய்தவர் என்று அறிவித்தது. 2016 ஏப்ரல் 17 அன்று மக்களவையில், அதிபரைப் பதவிநீக்கும் வாக்கெடுப்பில், தன் ஓட்டை உஸ்த்ராவின் நினைவுக்குக் காணிக்கையாக்கினார் அப்போது உறுப்பினராக இருந்த போல்சொனாரோ. அந்தப் பெயரை நாடறிய உரக்கச் சொன்னது ஒரு நோவெலா நடிகை என்பதை நம் வாசகர் அறிய வேண்டும் என்பது என் ஆசை.

பெத்தே 1986இல் பி.எம்.டி.பி. கட்சியின் சார்பில் அரசியல் சாசன சபைக்குத் தேர்வானார், மாநிலப் பண்பாட்டுச் செயலராகவும் இருந்தார். 1989இல் "தியெத்தா" நோவெலாவில் நடிக்கத் திரும்பிவிட்டார்.

இப்போது உன் வீட்டுக்கார அம்மாவின் நடிகர். தேர்தல் நீதிமன்றத்தின் வேட்பாளர் தளம் யாரும் பார்க்கக்கூடியது. அதில் அவர் காட்டிய சொத்து, கட்சி, எண், யாரிடமிருந்து எவ்வளவு வந்தது, எதற்குச் செலவு, எல்லாம் இருக்கும். சொத்தைப் பார்ப்பதோடு நிறுத்தாதே, கட்சி நிதியில் எவ்வளவு கொடுத்திருக்கிறது என்று பார். நிறையக் கொடுத்திருந்தால் அவர் ஜெயிக்க வேண்டும் என்று தலைமை நினைக்கிறது. ஏதும் தராவிட்டால் பட்டியலுக்கு ஓட்டுச் சேர்க்க மட்டும் வைத்திருக்கிறார்கள். அதே பட்டியலில் 2022இல் அதிக ஓட்டு வாங்கிய மூவர் யார் என்று குறித்துக்கொள், அவர் யாருக்குப் பின்னால் உள்ளே போவார் அல்லது யாரை உள்ளே கொண்டுபோவார் என்று அதில் தெரியும். ஏற்கெனவே உறுப்பினராக இருந்தவர் என்றால் மக்களவைத் தளத்தில் வருகை, வாக்களித்த விதம், அலுவலகச் செலவு மூன்றும் கிடைக்கும். நடிகர் சங்கத்தில் பொறுப்பு வகித்தாரா என்றும் விசாரி. ஸ்தெப்பான் நெர்சேசியன் ரியோ கலைஞர் சங்கத் தலைவராக இருந்து, நகர மன்றம் வழியாக 2010இல் மக்களவைக்குப் போனவர்.

வீட்டுக்கார அம்மாவிடம் அந்த நடிகரைப் பற்றிப் பேசும்போது வாதாடாதே, அவர் சொல்வதைக் கேட்டு எழுதிக்கொள். எந்தப் பாத்திரம் பிடித்தது என்பதோடு, அவருடைய எண் நினைவிருக்கிறதா என்றும் கேள். எண்ணையும் கட்சியையும் எனக்கு எழுதி அனுப்பு, 2022 பட்டியலை எடுத்துவைத்து ஈவுக் கணக்கை நான் போட்டுப் பார்க்கிறேன்.

அன்புடன்,
அம்மா