ரசிமிக் கலவை என்பது கலப்படமன்று

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

நம் பாடநூல்களில் சுழிமாய்க் கலவை எனப்படும் ரசிமிக் கலவையை, மருந்து பற்றிய கட்டுரைகளில் சிலர் தூய்மையற்ற கலவை என்ற பொருளில் எழுதுவது தவறு. இடக்கையும் வலக்கையும் போல ஒன்றுக்கொன்று ஆடிப் பிம்பமாக இருந்தும் ஒன்றன்மேல் ஒன்று பொருந்தாத இரு மூலக்கூறு வடிவங்கள் சம அளவில் கலந்திருப்பதையே அது குறிக்கும். ஒன்று தளமுனைவுற்ற ஒளியை (ஒரே தளத்தில் மட்டும் அதிரும் ஒளியை) வலப்புறம் திருப்பும் அளவுக்கே மற்றது இடப்புறம் திருப்புவதால், கலவை ஒளியைத் திருப்புவதில்லை. அத்தகைய டார்டாரிக் அமில உப்பின் இருவகைப் படிகங்களை 1848இல் லூயி பாஸ்டர் கையாலேயே பிரித்தெடுத்தார்.

ஒவ்வாமைக்குத் தரப்படும் செட்டிரிசின் மாத்திரை ரசிமிக் கலவை. லெவோசெட்டிரிசின் அதன் ஒரு வடிவம் மட்டுமே. ஆனால், முன்பு கர்ப்பிணிகளுக்குக் குமட்டலுக்காகத் தரப்பட்டு, சிசுக்களைக் குறைபாடுகளுடன் பிறக்கச் செய்த தாலிடோமைடு மருந்திலும் ஒரு வடிவத்தை மட்டும் கொடுத்திருந்தால் சிசுக்களுக்குத் தீங்கு நேர்ந்திராது என்று (அடிக்கடி) எழுதப்படுவது பொருந்தாது. உடலுக்குள் அவ்விரு வடிவங்களும் ஒன்று மற்றொன்றாக மாறிவிடும்.

இப்படிக்கு,
வேதியியல் ஆசிரியர் ஒருவர், திருச்சி.