காலம் பின்னோக்கி ஓடும் ஊரைப் படமெடுக்கப் போகும் கயலுக்கு

அன்பு கயல்,

திரைக்கதையை இரண்டு தடவை படித்தேன். ஊரே பின்னோக்கி வாழ்கிறது, ஒருத்தி மட்டும் நம்மைப் போல முன்னோக்கி வாழ்கிறாள். நல்ல கருதான். ஆனால் முதல் காட்சியில் பந்தை மேலே எறிந்து, அதைத் திருப்பி ஓட்டப் போகிறேன் என்று எழுதியிருக்கிறாய். அது எடுபடாதம்மா. ஏறி இறங்கும் பந்தைத் திருப்பி ஓட்டினாலும் ஏறித்தான் இறங்கும். காலத்தைத் திருப்பினாலும் பூமி கீழ்நோக்கித்தான் இழுக்கும். தரையில் துள்ளித் துள்ளி அடங்கும் பந்தை எடு. திருப்பும்போது சும்மா கிடந்த பந்து தானாகத் துள்ளத் தொடங்கி, ஒவ்வொரு துள்ளலுக்கும் உயர்ந்துகொண்டே போகும்.

உராய்வு, வெப்பம், கலப்பு இருக்கும் இடத்தில்தான் காலத்தின் திசை கண்ணுக்குத் தெரியும். ஊதுபத்திப் புகை, டீயில் ஊற்றும் பால், உடைந்த முட்டை எல்லாம் அப்படிப்பட்டவை. லூமியேர் சகோதரர்கள் 1896இல் எடுத்த சுவர் இடிக்கும் படத்தைத் திருப்பி ஓட்டியபோது சுவர் எழுந்து நின்றது. அதில் சுவரைவிட, பரவிய புழுதி சுருங்கி உள்ளே போவதைக் கவனித்துப் பார்.

நாயகியும் ஊராரும் ஒரே சட்டகத்தில் வரும் காட்சிகளில் யாராவது ஒரு தரப்பு பின்னோக்கி நடித்தே ஆகவேண்டும். அதை நாயகியிடம் கொடு. ஊரார் இயல்பாக நடக்கட்டும், அவள் மட்டும் பின்னால் நடந்து பழகட்டும், பிறகு மொத்தத்தையும் திருப்பிவிடு. பின்னால் நடப்பவர்களுக்குத் தோள் இறுகும், அடி குறுகும், கண் தரையைத் தேடும். தரையில் டேப் ஒட்டி, பார்க்காமலே நடக்கும் வரை பழக்கு. முகத்தை நெருக்கத்தில் நீளமாக வைக்காதே. இமை மூடும் வேகத்தில் திறப்பதில்லை. திருப்பினால் மெதுவாக மூடிச் சட்டென்று திறக்கும், உடனே பிடிபட்டுவிடும்.

நொடிக்கு 50 பிரேமில் எடு, ஷட்டர் (ஒவ்வொரு பிரேமிலும் ஒளி விழும் நேரம்) 1/100 நொடி. 25இல் தொகுக்கும்போது வேகத்தைக் கூட்டிக் குறைக்க இடம் கிடைக்கும். உங்கள் கேமரா பதியும் எச்.264 என்ற சுருக்கிய வீடியோ கோப்பில் பெரும்பாலான பிரேம்களில் மாற்றங்கள் மட்டுமே இருக்கும். முழுப் படம் எப்போதாவது ஒன்றுதான். அதனால் பின்னோக்கி ஓட்டினால் மென்பொருள் திணறும். முதலில் ஒவ்வொரு பிரேமையும் முழுப் படமாக வைக்கும் புரோரெஸ் கோப்பாக மாற்றிக்கொண்டு அப்புறம் திருப்பு.

இனி டீக்கடைக் காட்சி. கலந்த நிறம் பிரிவதை நாயகி கண்ணெதிரே பார்க்கிறாள் என்று எழுதியிருக்கிறாயே, அதற்குப் படத்தைத் திருப்பவே வேண்டாம். ஜி. ஐ. டெய்லர் என்ற இயற்பியலாளர் 1960களில் கேமரா முன்னால் செய்துகாட்டிய சோதனை இது. 10 செ.மீ. உள்விட்டமுள்ள கண்ணாடி ஜாடி ஒன்று, 7 செ.மீ. விட்டத்தில் நேரான பாட்டில் ஒன்று, அரை லிட்டருக்குக் கொஞ்சம் கூடுதலாகச் சுத்தக் கிளிசரின். பாட்டிலுக்குள் மணல் நிரப்பு, இல்லாவிட்டால் மிதக்கும். ஜாடியின் நடுவில் நிறுத்தி, கழுத்து நுழையும் அளவு துளையிட்ட பலகையால் மேலே பிடித்துக்கொள். பாட்டில் ஆடாமல் சுழலவேண்டும். கிளிசரினை முந்தின நாள் இரவே ஊற்றி மூடி வை. குமிழ் போகும், காற்றின் ஈரத்தையும் இழுக்காது.

கேசரிப் பவுடரை ஒரு ஸ்பூன் அதே கிளிசரினில் குழைத்துக்கொள். தண்ணீரில் கரைத்தால் எடை குறைந்து மேலே ஏறிவிடும், எல்லாரும் தவறவிடுவது இதைத்தான். நீள ஊசியுள்ள சிரிஞ்சால் இடைவெளியின் நடுவே மூன்று சொட்டு விடு. பாட்டிலிலும் பலகையிலும் ஒரு கோடு போட்டு, பாட்டிலை ஒரு சுற்றுக்குப் பத்து நொடி என்று நான்கு சுற்று சுற்று. நிறம் இழுபட்டு வெறும் மங்கலாகிவிடும். உடனே அதே நான்கு சுற்றை எதிர்த்திசையில் சுற்று. சொட்டுகள் இருந்த இடத்துக்கே வந்து நிற்கும், ஓரம் மட்டும் லேசாகக் கலங்கியிருக்கும். இவ்வளவு கெட்டியான திரவம் மெதுவாக நகரும்போது சுழிப்பதே இல்லை, அடுக்கடுக்காக வழுக்குகிறது. அதனால் வந்த வழியே திரும்புகிறது. வேகமாகச் சுற்றினாலோ, விளக்குச் சூட்டில் கிளிசரின் இளகினாலோ, இடையில் காத்திருந்தாலோ கெட்டுவிடும். விளக்கைத் தள்ளி வை.

ஒலியில் ஒரு எச்சரிக்கை. பின்னோக்கி நடிக்கும் காட்சிகளில் நாயகி வசனத்தையும் பின்னோக்கித்தான் பேசவேண்டும். 'பால்' என்பதை எழுத்து எழுத்தாகத் திருப்பி எழுதிக் கொடுக்காதே. ஒலியைத் திருப்பினால் 'லாப்' என்று கேட்கும். 'அம்மா' என்பது 'ஆம்ம' ஆகும். வசனத்தை மூன்று நொடித் துண்டுகளாகப் பதிந்து, ஆடாசிட்டி என்ற ஒலித்தொகுப்பு மென்பொருளில் திருப்பி, அதைக் கேட்டே நாயகியைப் பழகச் சொல். கோயில் மணியோசைக்கு எந்தப் பயிற்சியும் வேண்டாம். திருப்பினாலே போதும், நாதம் ஒன்றுமில்லாததிலிருந்து பெருகிவந்து அடியோடு அறுந்து நிற்கும். ஊரின் முதல் ஓசையாக அதை வை.

கிளிசரின் மருந்துக்கடையில் சின்னச் சின்ன பாட்டிலில்தான் இருக்கும். ரசாயனப் பொருள் கடையில் லிட்டராகக் கேள். ஒத்திகைக்கும் சேர்த்து இரண்டு லிட்டர் வாங்கிக்கொள், பணம் அனுப்புகிறேன்.

அப்பா