ஆண்டவரிடம் ஏன் என்று கேட்கலாம், சித்தப்பா

அன்புள்ள சித்தப்பாவுக்கு,

போனில் நீங்கள் கேட்ட கேள்வி மனதை விட்டுப் போகவில்லை. "எனக்கு ஏன் இந்த வியாதி என்று ஆண்டவரிடம் கேட்டால் அது அவிசுவாசமா?" என்றீர்கள். ஜெபிக்க வருகிறவர்கள் எல்லோரும் "குறை சொல்லாதீங்க அண்ணாச்சி, ஸ்தோத்திரம் மட்டும் பண்ணுங்க" என்று சொல்லிவிட்டுப் போகிறார்கள், அதற்கப்புறம் தனியாக இருக்கும்போதுகூட வாய்விட்டு எதையும் கேட்கப் பயமாக இருக்கிறது என்றும் சொன்னீர்கள். உங்களிடம் சம்மதம் கேட்டுக்கொண்டுதான் இதைப் பொதுவில் எழுதுகிறேன். இதே கேள்வியோடு படுத்திருக்கிறவர்கள் இன்னும் எத்தனையோ பேர்.

கேட்கலாம், சித்தப்பா. தாராளமாகக் கேட்கலாம். இதை நான் சொல்வதைவிட, நானூறு வருடத்துக்கு முன்னால் லண்டனில் காய்ச்சலில் படுத்திருந்த ஒரு குருவானவர் சொன்னால் உங்களுக்கு இன்னும் நம்பிக்கையாக இருக்கும். அவர் பெயர் ஜான் டன். செயின்ட் பால் பேராலயத்தின் டீன், அதாவது அதன் தலைமைக் குரு. அந்தக் காலத்து லண்டனில் அவர் பிரசங்கம் கேட்கக் கூட்டம் கூடும். 1623 நவம்பர் கடைசியில் அவருக்குத் திடீரென்று கடும் காய்ச்சல் வந்தது. வயது ஐம்பத்தொன்று. மனைவி ஆன், பன்னிரண்டாவது பிரசவம் முடிந்த சில நாளில், 1617-இல் இறந்துபோயிருந்தார். பிழைக்கமாட்டார் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். முதலாம் ஜேம்ஸ் மன்னர் தன் சொந்த வைத்தியரையே அனுப்பிவைத்தார். உடம்பெல்லாம் புள்ளி புள்ளியாகத் தடித்தது. நாள் கணக்கில் தூக்கம் இல்லை. தலைக்கேறிய ஆவியைக் கீழே இறக்க வேண்டும் என்று புறாவை வெட்டி உடம்பில் வைத்துக் கட்டுகிற வைத்தியம் அப்போது இருந்தது. அதையும் அவருக்குச் செய்தார்கள்.

அந்தப் படுக்கையில் தொடங்கி, முழுதாகத் தேறுவதற்குள் அவர் ஒரு புத்தகம் எழுதி முடித்துவிட்டார். 'டிவோஷன்ஸ் அப்பான் எமர்ஜென்ட் அக்கேஷன்ஸ்' என்று பெயர். 1624-லேயே அச்சாகி வந்துவிட்டது. நோயின் முதல் அறிகுறியிலிருந்து, எழுந்து நின்ற பிறகு மறுபடி வந்துவிடுமோ என்ற பயம் வரைக்கும் 23 பகுதிகள். ஒவ்வொரு பகுதியும் மூன்று துண்டு. முதலில் தியானம், மனிதப் பிறவியின் நிலையைப் பற்றி யோசிப்பது. கடைசியில் ஜெபம். நடுவில் இருப்பதுதான் உங்களுக்கு நான் காட்ட நினைப்பது. அது முறையீடு. ஆண்டவரோடு நேருக்கு நேர் வழக்காடுவது.

அந்த முறையீடுகளில் "என் தேவனே, என் தேவனே" என்ற விளி திரும்பத் திரும்ப வருகிறது. எங்கிருந்து வருகிற வார்த்தை என்று உங்களுக்குத் தெரியும். 22-ஆம் சங்கீதம், சிலுவையில் இயேசு சொன்ன வார்த்தை. முதல் பகுதியிலேயே டன் தனக்கு அந்த உரிமை எப்படி வந்தது என்று காரணம் சொல்லிவிடுகிறார். நான் வெறும் தூளும் சாம்பலுமாக இருந்தால்கூட ஆண்டவரோடு பேசலாம், ஏனென்றால் அந்தத் தூளிலிருந்து என்னை உண்டாக்கியது அவருடைய கைதான். நானோ அதைவிட மேல், எனக்குள் இருக்கும் ஆத்துமா அவர் ஊதிய மூச்சு. அவர் மூச்சை வைத்தே இந்த முறையீடுகளை அவரிடம் திருப்பி மூச்சுவிடலாம் என்கிறார். எனக்கு அந்தப் புத்தகத்திலேயே ரொம்பப் பிடித்த இடம் இதுதான். மூச்சு வாங்கிக்கொண்டு படுத்திருக்கிற ஒருவர் எழுதியது என்பதையும் சேர்த்து வாசித்துப் பாருங்கள்.

நான்காம் பகுதியில், பாடுகளின் நடுவே ஆண்டவரோடு வழக்காடிய யோபுவை இழுக்கிறார். யோபுவின் நீதி என்னிடம் இல்லை, ஆனால் யோபுவின் ஆசை இருக்கிறது. சர்வவல்லவரோடு பேச வேண்டும், அவரோடு நியாயம் பேச வேண்டும் என்கிறார். அடுத்த வரியே என்ன தெரியுமா? வைத்தியரிடம் எவ்வளவு சீக்கிரம் போகச் சொல்கிறீர், வைத்தியர் சொல்வதை எவ்வளவு தூரம் கேட்கச் சொல்கிறீர் என்று ஆண்டவரிடமே கேட்கிறார். டாக்டரை நம்புவதா, ஜெபத்தை நம்புவதா என்று உங்கள் வீட்டு முற்றத்தில் நடக்கிற அதே விவாதம். அதையும் ஆண்டவர் முன்னால்தான் கொண்டுபோய் வைக்கிறார்.

இன்னொரு முறையீடு இருக்கிறது, மூன்றாம் பகுதியில். கோயிலுக்குப் போக முடியவில்லையே என்ற வருத்தம். நீங்களும் அதைத்தானே முதலில் சொன்னீர்கள். இவர் பேராலயத்துக்கே டீன். உமது வீட்டைப் பற்றிய வைராக்கியம் காய்ச்சலுக்குச் சமமாக என்னைத் தின்கிறது, நான் வரமாட்டேன் என்று மறுக்கவில்லை, வரத்தான் ஆசை, ஆனால் சபைக்கு வெளியே தள்ளப்பட்டவன் போல ஆகிவிட்டேன் என்கிறார். இதன் வலி புரிய அவர் பிறந்த குடும்பத்தைத் தெரிந்துகொள்ள வேண்டும். கத்தோலிக்கக் குடும்பம். இங்கிலாந்து சபையின் ஆராதனைக்கு வர மறுப்பது அப்போது சட்டப்படி குற்றம், அபராதம் உண்டு. ஒரு கத்தோலிக்கக் குருவைத் தன் அறையில் மறைத்து வைத்ததற்காக அவருடைய தம்பி ஹென்றி சிறைக்குப் போய், 1593-இல் அங்கேயே நோய் கண்டு செத்துப்போனார். கோயிலுக்கு வராமல் இருப்பது என்றால் என்ன என்று அந்த வீட்டுப் பிள்ளைக்கு நன்றாகவே தெரியும். பின்னால் அதே இங்கிலாந்து சபையில், அதாவது ஆங்கிலிக்கன் சபையில், குருவாகி, டீனாகி, கடைசியில் காய்ச்சல் வந்து கோயிலுக்குப் போக முடியாமல் கிடக்கும்போது, நான் மறுக்கவில்லை ஆண்டவரே என்று சொல்ல வேண்டியிருக்கிறது அவருக்கு.

ஆறாம் பகுதியை நீங்கள் அவசியம் கேட்க வேண்டும். வைத்தியர் நோயைக் கவனிக்கிற அதே கவனத்தோடு நான் வைத்தியரைக் கவனிக்கிறேன் என்று தொடங்குகிறது. அவர் பயப்படுவதைப் பார்க்கிறேன், நானும் பயப்படுகிறேன். அவர் பயத்தை மறைக்கிறார், மறைப்பதாலேயே என் பயம் கூடுகிறது. நான் பார்க்கக் கூடாது என்று அவர் நினைப்பதாலேயே இன்னும் கூர்மையாகப் பார்க்கிறேன் என்கிறார். ரிப்போர்ட்டைப் புரட்டுகிற டாக்டரின் முகத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவர்களுக்கு இதில் ஒரு வரிகூட விளக்கத் தேவையில்லை. பயப்படுகிறேன் என்று ஒரு குருவானவர் அச்சிலேயே போட்டுவிட்டார் பாருங்கள். அந்தப் பகுதி முடியும்போது ஜெபத்தில் பயத்தை எடுத்துப்போடும் என்று அவர் கேட்கவில்லை. நான் பயப்படத் தேவையில்லாத ஒரு பயத்தை எனக்குத் தாரும் என்று கேட்கிறார். இந்த ஜெபத்தை நானும் மனப்பாடமாக வைத்திருக்கிறேன்.

உங்களைப் பார்க்க வருகிறவர்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை, சித்தப்பா. அவர்கள் சொல்வதற்கும் பழைய வேர் இருக்கிறது. ஆங்கிலிக்கன் ஜெபப் புத்தகத்தில் நோயாளியைச் சந்திக்கும் ஒழுங்கு என்று ஒன்று உண்டு. உன் வியாதி எதுவாக இருந்தாலும் அது தேவனுடைய சந்திப்பு என்று நிச்சயமாக அறிந்துகொள் என்று குருவானவர் அதில் நோயாளியிடம் சொல்வார். விசுவாசப் பிரமாணத்தைக் கேள்வியாகக் கேட்பார். இதையெல்லாம் உறுதியாக விசுவாசிக்கிறேன் என்று நோயாளி பதில் சொல்ல வேண்டும். டன் அந்த ஒழுங்கைப் பிறர் கட்டில் ஓரத்தில் நின்று வாசித்த குருக்கள் வரிசையில் ஒருவர்தான். நோய் ஆண்டவரிடமிருந்து வந்தது என்பதை அவர் எந்த இடத்திலும் மறுக்கவில்லை. தன் பாவத்தை நினைத்து நினைத்துப் புலம்புவார், சில பக்கங்களில் அது எனக்கே அதிகமாகப் படும். ஆனால் ஆண்டவர் அனுப்பியது, அதனால் வாயை மூடு என்று மற்றவர்கள் முடிக்கிற இடத்தில், ஆண்டவர் அனுப்பியது, அதனால் அவரிடம்தானே கேட்க வேண்டும் என்று இவர் தொடங்குகிறார். 23 பகுதியிலும் வழக்காடி முடித்த பிறகுதான் ஜெபத்துக்கு வருகிறார். தியானத்திலிருந்து நேரே ஜெபத்துக்குத் தாவிய பகுதி ஒன்றுகூடக் கிடையாது.

உலகம் முழுக்க இந்தப் புத்தகத்திலிருந்து எடுத்து எடுத்துச் சொல்வது 17-ஆம் பகுதியைத்தான். எந்த மனிதனும் தனித் தீவு அல்ல என்பதும், மணி யாருக்காக அடிக்கிறது என்று கேட்டனுப்பாதே, அது உனக்காகத்தான் அடிக்கிறது என்பதும் அங்கே வருகிறவை. வாழ்த்து அட்டையில் போடுகிற வாசகமாகவே ஆகிவிட்டது. அது எந்த மணி என்று தெரிந்தால் வேறு மாதிரிக் கேட்கும். சபையில் ஒருவர் உயிர் பிரியும் நிலையில் இருந்தால் கோயில் மணி அடிக்க வேண்டும் என்று 1604-ஆம் வருடத்துச் சபைச் சட்டமே இருந்தது. கேட்கிறவர்கள் அந்த ஆத்துமாவுக்காக ஜெபிப்பார்கள். டன் படுத்திருந்த இடத்துக்குப் பக்கத்துக் கோயிலில் அந்த மணி அடிக்கிறது. யாருக்கு என்று அவருக்குத் தெரியாது. ஒருவேளை என் நிலைமை எனக்குத்தான் தெரியவில்லையோ, சுற்றி இருப்பவர்கள் எனக்காகவே அடிக்கச் சொல்லிவிட்டார்களோ என்றுகூட யோசிக்கிறார். 18-இல் மணி மாறி ஒலிக்கிறது. அந்த ஆள் இறந்துவிட்டார். தனிமைதான் நோயின் பெரிய துன்பம், தொற்றுப் பயத்தில் உதவ வேண்டியவர்களே வருவதில்லை என்று ஐந்தாம் பகுதியில் எழுதியவர், இங்கே முகம் தெரியாத ஒருவரோடு துணையாகச் சேர்ந்துகொள்கிறார்.

அதே 17-இல் ஒரு வரி, துன்பம் ஒரு புதையல், போதுமான அளவு வைத்திருப்பவர் அரிது என்று வரும். இதை யாராவது உங்கள் முகத்துக்கு நேரே சொன்னால் நானே எழுந்து கதவைத் திறந்து வெளியே அனுப்புவேன். டன் தன் கட்டிலில் படுத்துக்கொண்டு தன்னைப் பற்றிச் சொன்னார், அதனால் பொறுத்துக்கொள்கிறேன். அதோடு தொடர்ந்து, தங்கம் கட்டியாகவே இருந்து காசாக மாறாவிட்டால் வழிச்செலவுக்கு உதவாது என்றும் சொல்லிவிடுகிறார்.

வழக்காடியது இவர் ஒருவர் மட்டுமல்ல. இவருக்கு இரண்டரை நூற்றாண்டு முன்னால், 1373 மே மாதம், இங்கிலாந்தின் நாரிச் ஊரில் முப்பது வயதுப் பெண் ஒருத்தி சாகக் கிடந்தாள். கடைசி ஜெபத்துக்கு வந்த குரு சிலுவையை அவள் கண் முன்னால் பிடித்தார். அவளுக்குப் பதினாறு தரிசனங்கள் கிடைத்தன. பிழைத்து, பின்னால் ஒரு கோயிலை ஒட்டிய அறையில் அடைந்து தவம் இருந்து, அதையெல்லாம் எழுதிவைத்தாள். ஜூலியன் என்று அந்தக் கோயிலின் பெயரிலேயே அவளை அறிகிறோம். எல்லாம் நன்றாகும் என்று தரிசனத்தில் ஆண்டவர் அவளிடம் சொன்னது பிரசித்தம். அதைக் கேட்டதும் அவள் சும்மா இருந்துவிடவில்லை. இத்தனை கேடு நடந்திருக்கும்போது எல்லாம் எப்படி நன்றாகும் ஆண்டவரே என்று திருப்பிக் கேட்டாள். அவர் கோபிக்கவில்லை. உனக்குப் புயல் வராது, பாடு வராது, நோவு வராது என்று அவர் சொல்லவில்லை, நீ தோற்றுப்போகமாட்டாய் என்றுதான் சொன்னார் என்று இன்னொரு இடத்தில் எழுதுகிறாள்.

டன் அந்தக் காய்ச்சலில் சாகவில்லை. லாசருவைக் கல்லறையிலிருந்து கூப்பிட்டது போல என்னைப் படுக்கையிலிருந்து கூப்பிட்டார் என்று 21-ஆம் பகுதியில் எழுந்து நிற்கிறார். அப்புறம் ஏழு வருடம் பிரசங்கம் செய்துவிட்டு 1631 மார்ச் 31 அன்று இறந்தார். உங்களுக்கும் அப்படியே ஆகும் என்று நான் வாக்குக் கொடுக்க முடியாது. அதற்காக இந்தப் புத்தகத்தைச் சொல்லவும் இல்லை. பிழைப்போமா மாட்டோமா என்று தெரியாத நாட்களில் ஒரு விசுவாசி எப்படிப் பேசினார் என்பதற்காகச் சொல்கிறேன்.

நான்காம் பகுதியின் முறையீட்டையும் ஆறாம் பகுதி முழுவதையும் என்னால் முடிந்த தமிழில் எழுதி இந்த வாரம் சித்தி வாட்ஸ்அப்புக்கு அனுப்புகிறேன். கண் வலித்தால் சித்தியை வாசிக்கச் சொல்லுங்கள். வாசித்து முடித்ததும், யாரும் இல்லாத நேரமாகப் பார்த்து, உங்கள் கேள்வியை உங்கள் வார்த்தையிலேயே ஆண்டவரிடம் கேளுங்கள். மெதுவாகக் கேட்க வேண்டும் என்றுகூட இல்லை. சபை ஐயர் வரும்போது அவரிடமும் இதைக் காட்டுங்கள். அவர் என்ன சொன்னார் என்று அடுத்த முறை பேசும்போது எனக்குச் சொல்லுங்கள்.

அன்புடன்,
உங்கள் அண்ணன் மகன்