பாலத்துக்கு அடியில் கான்கிரீட் கொட்டாதீர்கள்

பிரிட்டன் போக்குவரத்துத் துறைக்கும், அதன் சார்பில் பழைய ரயில் கட்டுமானங்களைப் பார்த்துக்கொள்ளும் நேஷனல் ஹைவேஸ் நிறுவனத்துக்கும்,

வணக்கம். ரயில் நின்றுபோன பாதைகளில் மிச்சமிருக்கும் பாலங்கள், ரயில் குகைப் பாதைகள் என 3,000-க்கும் மேற்பட்டவை உங்கள் பொறுப்பில் இருக்கின்றன. அவற்றில் ஒன்றுக்கு நடந்ததை முதலில் நினைவுபடுத்துகிறேன்.

வட இங்கிலாந்தின் கம்ப்ரியாவில் கிரேட் மஸ்கிரேவ் என்று ஒரு சின்னக் கிராமம். 1862-இல் திறந்த ஈடன் பள்ளத்தாக்கு ரயில் பாதைக்கு மேலே, ஊர்ச் சாலையைத் தாங்கி நிற்கும் ஒற்றை வளைவுக் கல் பாலம் அங்கே உண்டு. 2021 கோடையில் அந்த வளைவுக்கு அடியில் சுமார் 1,600 டன் ஜல்லியையும் கான்கிரீட்டையும் கொட்டி அடைத்தீர்கள். ஒரு பக்கம் நின்று பார்த்தால் மறுபக்கம் தெரிந்த இடத்தில், வளைவின் உச்சிவரை சாம்பல் நிறச் சரிவு. பாலம் பலவீனமாக இருக்கிறது, பொதுமக்கள் பாதுகாப்புக்காகச் செய்தோம் என்றீர்கள். அவசர வேலைக்கென்று சட்டம் தரும் சலுகையைப் பயன்படுத்தியதால், உள்ளூர் மன்றத்திடம் திட்ட அனுமதி கேட்காமலே வேலை முடிந்துவிட்டது.

சரி, அப்படி என்ன அவசரம்? அந்தச் சாலையில் கனரக வண்டிகள் வரிசைகட்டிப் போவதில்லை. கல் இடுக்குகளில் காரை பூசலாம், மேலே நீர் இறங்காமல் தடுக்கலாம், போதாவிட்டால் எடைக் கட்டுப்பாட்டுப் பலகை ஒன்றை நடலாம். கல் பாலங்களுக்குக் காலங்காலமாகச் செய்துவரும் வைத்தியம் இதுதான். உள்ளூர்க்காரர்களுக்குக் கோபம் வர இன்னொரு காரணமும் உண்டு. பாலத்துக்கு ஒரு பக்கம் வார்கோப்பிலும், மறுபக்கம் கெர்க்பி ஸ்டீபனிலும், தன்னார்வலர்கள் பழைய பாதையைத் துண்டு துண்டாக மீட்டு ரயில் ஓட்டுகிறார்கள். இரண்டு துண்டையும் என்றாவது இணைக்க வேண்டும் என்பது அவர்களின் ஆசை. அதற்கு நட்டநடுவில் கான்கிரீட்!

பிறகு நடந்தது உங்களுக்கே தெரியும். வேலை முடிந்த பிறகு நீங்கள் கேட்ட அனுமதிக்கு நூற்றுக்கணக்கானோர் ஆட்சேபம் எழுதினார்கள். 2022-இல் ஈடன் மாவட்ட மன்றம் அதை மறுத்தது. 2023-இல் கொட்டியதை எல்லாம் நீங்களே அள்ளினீர்கள். கொட்டியதைவிட அள்ளியதற்குச் செலவு அதிகம். இரண்டும் மக்கள் வரிப்பணம்.

ரயில் பாதைகளை மூடிய பழி எல்லாவற்றுக்கும், அன்றைய பிரிட்டிஷ் ரயில்வே தலைவர் பீச்சிங் என்ற ஒரே ஆளைக் காட்டுவது இங்கிலாந்தில் பழகிப்போன ஒன்று. 1963 மார்ச்சில் வந்த அவருடைய அறிக்கை 2,363 நிலையங்களை மூடச் சொன்னது உண்மை. அவரை நியமித்த போக்குவரத்து அமைச்சர் மார்பிள்ஸ் சாலை போடும் கம்பெனி நடத்தியவர் என்பதும் உண்மை. அதை யாரும் மறக்கத் தயாராக இல்லை. ஆனால் ஈடன் பள்ளத்தாக்கில் பயணிகள் ரயில் 1962 ஜனவரியிலேயே நின்றுவிட்டது. அறிக்கைக்கு முன்பே ஆயிரக்கணக்கான மைல்களுக்குப் பூட்டு விழுந்திருந்தது. அவற்றில் பல, ஒருபோதும் லாபம் பார்க்காத கிளைப் பாதைகள். எல்லாவற்றிலும் மறுபடி ரயில் விடுங்கள் என்று நான் கேட்கவில்லை.

நான் கேட்பது, வழியை அடைக்காதீர்கள் என்பது மட்டுமே. எந்தப் பாதைகள் திரும்பி வந்தன என்று பாருங்கள். டெவனில் ஓக்ஹாம்ப்டனுக்கு அன்றாடப் பயணிகள் ரயில் 1972-இல் நின்றது. மெல்டன் குவாரியிலிருந்து ஜல்லி ஏற்ற ரயில் தேவைப்பட்டதால் தண்டவாளம் மட்டும் தப்பியது. 2021 நவம்பர் 20 அன்று பயணிகள் ரயில் மறுபடி ஓடியது, அதுவும் ஒதுக்கிய 4 கோடி பவுண்டில் ஏறக்குறைய ஒரு கோடி மிச்சம் பிடித்து. நார்தம்பர்லாந்தில் 1964-இல் பயணிகளை இழந்த ஆஷிங்டன் பாதையை நிலக்கரி வண்டிகள் காப்பாற்றின. 2024 டிசம்பரில் அங்கேயும் பயணிகள் ஏறினார்கள். மாறாக, ஓக்ஹாம்ப்டனுக்குத் தெற்கே டாவிஸ்டாக்கில் பழைய தடத்தின் மேலேயே கட்டடம் எழும்பிவிட்டது. பிளிமத் வரை பாதையை நீட்டலாம் என்று யார் பேசினாலும் அங்கே வந்து முட்டிக்கொள்கிறார்கள்.

அடைத்ததைத் திறப்பது என்ன பாடு என்று சசெக்ஸின் புளூபெல் ரயில்காரர்களைக் கேளுங்கள். அது பிடிவாதக்காரர்களின் பாதை. 1955-இல் மூடியபோது, மாட்ஜ் பெசமர் என்ற உள்ளூர்ப் பெண்மணி 1878-ஆம் ஆண்டுச் சட்டத்தைப் புரட்டி, தினம் நான்கு ரயில் விட்டே ஆக வேண்டும் என்ற விதியைக் கண்டுபிடித்தார். ரயில்வே வேறு வழியின்றி, முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டு மறுபடி ஓட்டியது. 1958-இல்தான் சட்டப்படி மூட முடிந்தது. 1960-இல் தன்னார்வலர்கள் ஒரு பகுதியை எடுத்து நடத்த ஆரம்பித்தார்கள். ஈஸ்ட் கிரின்ஸ்டெட் வரை நீட்டப் போனால் வழியில் இம்பர்ஹோர்னில், பாதைக்காக வெட்டிய பள்ளத்தில் ஊர்க் குப்பை முழுக்கக் கொட்டிக் கிடந்தது. அதை ரயில் பெட்டிகளில் ஏற்றி, பல ஆண்டுகள் வெளியேற்றி, 2013 மார்ச்சில்தான் அந்த ஊருக்குப் போய்ச் சேர்ந்தார்கள்.

பராமரிக்கக் கட்டுப்படியாகாது என்ற வாதத்தையும் முன்பே கேட்டிருக்கிறோம். 1980-களில் வட இங்கிலாந்தின் செட்டில்–கார்லைல் பாதையை மூட, அதிலுள்ள ரிபிள்ஹெட்டின் 24 வளைவுப் பாலத்துக்கு ஆகும் செலவையே பெரிய காரணமாகச் சொன்னார்கள். இருபதாயிரத்துக்கும் மேற்பட்டோர் ஆட்சேபித்தார்கள். ரஸ்வார்ப் என்ற நாயும் தன் பாதத்தைப் பதித்துக் கையெழுத்துப் போட்டது. 1989-இல் அரசு பின்வாங்கியது. பாலத்தைச் சரிசெய்தபோது, பயமுறுத்தியதைவிடக் குறைவாகவே செலவானது.

ஆகவே என் கோரிக்கை இதுதான். எந்தப் பாலத்தையும் குகையையும் நிரந்தரமாக அடைக்கும் முன் திட்ட அனுமதி கேளுங்கள். அவசரம் என்ற குறுக்குவழி வேண்டாம். அடைப்பதற்கும் பழுதுபார்ப்பதற்கும் ஆகும் செலவை அருகருகே வைத்து வெளியிடுங்கள். அப்புறம், ஒவ்வொரு கட்டுமானத்தையும் தனித்தனியாக எடைபோடாமல் அது எந்தப் பாதையின் துண்டு, அக்கம்பக்கத்தில் யார் அதைக் கேட்கிறார்கள் என்று சேர்த்துப் பாருங்கள். ரயில் வராவிட்டாலும் சைக்கிள் பாதையாகலாம், நடைபாதையாகலாம். கிரேட் மஸ்கிரேவுக்குப் பிறகு வேறு பாலங்களை அடைக்கும் வேலையை நிறுத்திவைத்தீர்கள். அந்த நிறுத்தத்தை எழுத்தில், நிரந்தர விதியாக்கித் தாருங்கள்.

இப்படிக்கு,
இங்கிலாந்தில் குடியிருந்து வரி கட்டும் ஒரு தமிழர்