எந்த ஊர் டாக்டர் என்று கேட்டாயா?

அன்புள்ள கதிருக்கு,

ஞாயிற்றுக்கிழமை போனில், "மறுபடியும் டாக்டர் வேஷம்தாம்மா. நாலே வரி. இந்தியன் மாதிரி பேசணுமாம்" என்று சொன்ன கையோடு, அங்கே மழை பெய்கிறதா என்று பேச்சை மாற்றினாய். வேல்ஸில் இருந்துகொண்டு, மெர்த்தரில் மழை பெய்கிறதா என்று யாராவது கேட்பார்களா? அப்போதே உன் மனசு சரியில்லை என்று தெரிந்துவிட்டது. ஆறுதல் சொல்ல இதை எழுதவில்லை. சனிக்கிழமைதோறும் நான் சொல்லச் சொல்ல, அழுதுகொண்டே எழுத்துக்கூட்டிப் படித்தாயே, அந்தத் தமிழில் எழுதினால்தான் அவசரப்படாமல் படிப்பாய் என்றுதான்.

அன்று ராத்திரி நடிகர் பிலிப் மேடாக் ஞாபகம் வந்தது. நம்ம ஊர்க்காரர். 1934-ல் இங்கே மெர்த்தர் டிட்ஃபிலில் பிறந்தவர், வளர்ந்தது மேட்டுப் பக்கம் ட்வினிரோடினில். இரும்பாலை முதலாளி கட்டிய கவார்த்வா கோட்டையில் பள்ளிக்கூடம் நடந்ததே, அங்கே படித்தார். கார்டிஃபில் பட்டம் வாங்கி, வியன்னா பல்கலைக்கழகத்துக்குப் போய் மொழி படித்து, ஜெர்மன் மொழிபெயர்ப்பாளராக வேலையும் பார்த்தார். அரசியல்வாதிகள் பேசுவதை மொழிபெயர்த்து மொழிபெயர்த்து அலுத்துப்போய்த்தான் லண்டன் ராடாவில் நடிப்புப் படிக்கச் சேர்ந்தாராம். வெல்ஷ், ஆங்கிலம், ஜெர்மன், ரஷ்யன், ஸ்வீடிஷ் என்று ஏழு மொழி பேசுவார். இத்தனை தெரிந்த மனிதருக்கு டிவிக்காரர்கள் என்ன கொடுத்தார்கள்? வில்லன் வேஷம். அதிலும் முக்கால்வாசி வெளிநாட்டு வில்லன்.

'டாட்ஸ் ஆர்மி' என்ற போர்க்கால நகைச்சுவைத் தொடரில் அவர் வந்த அந்த எபிசோடை அப்பா மடியில் உட்கார்ந்து பார்ப்பாயே. 1973-ல் எடுத்தது. பிடிபட்ட ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல் கேப்டன். எல்லோரும் மீனும் சிப்ஸும் ஆர்டர் கொடுக்கும்போது இவர் மட்டும், என் சிப்ஸ் நசநசவென்று இருக்கக்கூடாது, மொறுமொறுப்பாக, இளம் பழுப்பு நிறத்தில் வேண்டும் என்பார். கைதி சொல்கிற பேச்சா அது! முகத்தில் ஒரு கோடு அசையாது. போர் முடிந்ததும் கணக்குத் தீர்க்க வேண்டியவர்கள் பெயரை எழுதிக்கொள்கிறவர், காவல் படையில் இருக்கிற சின்னப் பையனிடம் "உன் பெயர் என்ன?" என்று கேட்பார். படைத் தலைவர் மேனரிங் பதறிப்போய், "சொல்லாதே, பைக்!" என்று கத்தி, பையன் பெயரைத் தானே சொல்லிவிடுவார். அப்பா சிரித்துச் சிரித்து அவருக்கு இருமல் வந்துவிடும். ஊரே அந்த ஒரு வரியைத்தான் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறது. அது மேடாக் பேசிய வரிகூட இல்லை. ஆனால் அவர் அத்தனை நிதானமாகக் கேட்டதால்தான் மேனரிங் பதறியது எடுபட்டது. கேலி செய்கிற ஜெர்மன் உச்சரிப்பை அவர் போடவில்லை. அந்த மொழியிலேயே வேலை பார்த்தவர் அல்லவா? ஆங்கிலம் பேசும் ஜெர்மன்காரர் எங்கே நாக்கை அழுத்துவார் என்று அவருக்குத் தெரிந்திருக்கும்.

'டாக்டர் ஹூ' என்ற அறிவியல் கற்பனைத் தொடரில் 1976-ல் தலை தேடி அலைகிற விஞ்ஞானியாக வந்தாரே, அதைப் பார்த்து நீ சோபாவுக்குப் பின்னால் ஒளிந்ததைப் பற்றி இங்கே எழுதப்போவதில்லை.

அவர் செய்ததெல்லாம் சரி என்றும் சொல்லமாட்டேன். 1971-ல் பிபிசி தொடரில் மாகுவா என்ற வட அமெரிக்க ஹியூரான் பழங்குடி வீரனாகச் சாயம் பூசிக்கொண்டு நடித்தார். அந்த மொழியையும் கொஞ்சம் கற்றிருந்தார், அது அவர் குணம். இருந்தாலும் அந்த இனத்தில் ஒருவருக்குப் போயிருக்க வேண்டிய வேஷம் அது. உன் கோபம் எனக்குப் புரியாமல் இல்லை.

நான் கல்யாணமாகி இங்கே வந்து இறங்கியது 1981 ஜனவரியில். அப்பா நைட் டியூட்டிக்குப் போய்விட்டால் எனக்கு டிவிதான் துணை. மார்ச்சில் பழைய பிரதமர் லாயிட் ஜார்ஜ் வாழ்க்கை ஒன்பது வாரத் தொடராக வந்தது. எழுதியது எலெய்ன் மார்கன் என்ற வெல்ஷ் அம்மா, லாயிட் ஜார்ஜாக மேடாக். வெல்ஷைத் தாய்மொழியாகக் கொண்ட ஒரே பிரிட்டிஷ் பிரதமர் லாயிட் ஜார்ஜ்தான் என்று அடுத்த வீட்டு அம்மா பெருமையாகச் சொன்னாள். அந்தத் தொடரில் சேர்த்திருந்த, இத்தாலிய இசையமைப்பாளர் மோரிகோனியின் இசை கடை கடையாக ஒலித்தது, விற்பனைப் பட்டியலில் இரண்டாம் இடம் வரைக்கும் போனது. பாதி வசனம் எனக்குப் புரியவில்லை. ஆனால் முதல் தடவையாக அந்த மனிதர் சொந்த ஊர்க் குரலில் பேசுகிறார் என்று மட்டும் தெரிந்தது. அப்போது அவருக்கு நாற்பத்தாறு வயது.

முழுக்க வெல்ஷ் மொழியிலேயே அவர் நடித்து நான் பார்க்க இன்னும் பத்து வருஷம் ஆனது. வெல்ஷ் மொழிக்கு டிவி சேனல் வேண்டும் என்று, அரசியல்வாதி க்வின்வர் எவன்ஸ் சாகும்வரை உண்ணாவிரதம் இருப்பேன் என்று 1980-ல் அறிவித்த பிறகுதான் அரசாங்கம் இறங்கிவந்து, 1982-ல் வெல்ஷ் சேனல் தொடங்கியது. அந்தச் சேனலுக்காகத்தான் மேடாக் போலீஸ் அதிகாரி நோயல் பெய்னாக நடித்தார். ஒவ்வொரு காட்சியையும் வெல்ஷில் ஒரு தடவை, ஆங்கிலத்தில் ஒரு தடவை எடுப்பார்களாம். நான் இரண்டையும் பார்த்திருக்கிறேன். வெல்ஷில் தோள் கொஞ்சம் தளர்ந்திருக்கும். என் கற்பனையாகவும் இருக்கலாம். ஆனால் உன்னையும் எனக்குத் தெரியும். தமிழில் பேசும்போது நீ கையைப் பின்னால் கட்டிக்கொள்வாய்.

2012 மார்ச்சில், எழுபத்தேழு வயதில் அவர் போனார். அப்பா அன்று பேப்பரை மடித்து ரொம்ப நேரம் கையில் வைத்திருந்தார்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். அந்த டாக்டர் எந்த ஊர் என்று அவர்களிடம் கேட்டாயா? "இந்தியன் மாதிரி" என்றால் யார் மாதிரி? உன் அப்பா பாளையங்கோட்டை நாக்கை வைத்துக்கொண்டு முப்பது வருஷம் இந்த ஊர் நோயாளிகளிடம் "டைடி, டைடி" என்று, நல்லது என்பதற்கு இந்த ஊர்க்காரர்கள் சொல்கிற மாதிரியே பேசினார். "வலி எப்படி இருக்கு, பட்?" என்று, நண்பா என்பதற்கு இந்த ஊர் வார்த்தையைப் போட்டுச் சுரங்கத் தொழிலாளிகளைக் கேட்பார். கிழவர்கள் எல்லாம் அவருக்காகவே வருவார்கள். அந்தக் குரலை எந்த டிவியிலும் நான் கேட்டதில்லை. வேஷத்தை வேண்டாமென்று சொல்வதானால் சொல்லிவிடு. வாங்குவதானால் அந்த நாலு வரியையும் அவர் மாதிரி பேசிக் காட்டு. அவர்களுக்குப் பிடிக்கிறதா என்று பார்க்கலாம்.

அப்பா ஓய்வு பெற்ற அன்று பேசியதைப் பதிவு செய்த கேசட் மாடி பீரோவில் இருக்கிறது. டேப் ரெக்கார்டர் இன்னும் பாடுகிறது, மூடியை மட்டும் விரலால் அழுத்திப் பிடித்துக்கொள்ள வேண்டும். உன்னிடம் அந்தப் பெட்டியெல்லாம் இருக்காது, தபாலில் அனுப்பவும் எனக்கு மனசில்லை. சனிக்கிழமை வா. கார்டிஃபில் ரயில் மாறும்போது ஒரு போன் பண்ணு, அப்புறம்தான் மீனை அடுப்பில் வைப்பேன்.

அன்புடன்,
அம்மா