500 மைலுக்குள் ஒரு எதிரி

3 மார்ச் 2025, திங்கள் இரவு

டேய் சேகரா,

பொங்கலுக்கு நீ அனுப்பிய வாய்ஸ் மெசேஜுக்கே இன்னும் பதில் போடவில்லை. திட்டுவதைத் திட்டிவிடு, அப்புறம் படி. இங்கே எல்லாரும் சௌக்கியம். மீதி வீட்டுச் சமாச்சாரத்தை உன் தங்கச்சி போனில் சொல்லுவாள்.

இன்று மத்தியானம் இங்கே அமெரிக்கக் கல்லூரி ஆண்கள் கூடைப்பந்தின் மூன்றாம் பிரிவு, அதாவது டிவிஷன் த்ரீ, டோர்னமென்ட் பட்டியல் வந்துவிட்டது. 64 டீமில் உன் பையன் காலேஜும் இருக்கிறது. சந்தோஷப்படுவாய் என்று பார்த்தால், குரூப்பில் "முதல் மேட்சே விஸ்கான்சின்காரனோடா? அங்கேயும் செலக்‌ஷன் கமிட்டி அரசியல்தானா?" என்று பொருமியிருக்கிறாய். கட்டை மணி அதற்குக் கும்பிடு வேறு போட்டிருக்கிறான். அவன் கும்பிட்டாலே விஷயம் தப்பு என்று உனக்குத் தெரியாதா? அரசியல் இல்லைடா. பஸ்.

நிதானமாகச் சொல்கிறேன். டிவிஷன் த்ரீயில் விளையாட்டுக்கென்று ஸ்காலர்ஷிப் ஒரு பைசா கிடையாது. நானூறுக்கும் மேற்பட்ட காலேஜ்கள் ஆடுகின்றன, டிவியில் வரும் டிவிஷன் ஒன் மாதிரி ஒளிபரப்புப் பணம் கொட்டுகிற இடமில்லை. ஆனால் டோர்னமென்ட் பயணச் செலவு, கல்லூரி விளையாட்டுகளை நடத்துகிற என்.சி.ஏ.ஏ. அமைப்பின் தலையில். 500 மைலுக்குள் என்றால் டீம் பஸ்ஸில் போகவேண்டும், அதைத் தாண்டினால்தான் விமான டிக்கெட். ஆகவே அட்டவணை போடுகிறவர்கள் ஒரு கையில் தரவரிசையையும் இன்னொரு கையில் வரைபடத்தையும் வைத்துக்கொண்டு உட்காருகிறார்கள். விமானம் எத்தனை குறையுமோ அத்தனை குறைக்கவேண்டும். டிவிஷன் ஒன்னில் ஒன்றாம் நம்பரைப் பதினாறாம் நம்பரோடு கோக்க நாட்டின் எந்த மூலைக்கும் அனுப்புவான். இங்கே ஒன்பது மணி நேர பஸ் தூரத்துக்குள் யார் இருக்கிறார்கள் என்பதுதான் முதல் கேள்வி.

இதனால் யாருக்கு அடி விழுகிறது பார். விஸ்கான்சின் அரசுக் கல்லூரிகள், இல்லினாய் பக்கத்து கான்பரன்ஸ் (பக்கத்துக் காலேஜ்கள் சேர்ந்து ஆடுகிற லீக்), ஒஹையோ, இண்டியானா எல்லாம் ஒன்றுக்கொன்று பஸ் தூரம். பலசாலிகள் நெருக்கியடித்துக்கொண்டிருக்கிற வட்டாரம். அங்கே கடைசி எட்டு டீம் சுற்றில் வரவேண்டிய மோதல் இரண்டாவது நாளே வந்துவிடும். டெக்சாஸ், கலிபோர்னியா, ஆரிகான்காரர்களுக்கு வேறு தலைவலி. சுற்றுவட்டாரத்தில் ஆளே இல்லை என்பதால் அவர்களையே ஒருவரோடொருவர் மோதவிட்டு ஒரு விமானத்தை மிச்சம் பிடிப்பார்கள். சொந்த கான்பரன்ஸ் டீமோடு முதல் சுற்றில் மோதாமல் பார்த்துக்கொள்வது ஒன்றுதான் ஆறுதல். உன் பையன் டீம் விஸ்கான்சின் கிளையில் விழுந்தது அந்தக் கணக்கில்தான். எனக்கும் இந்த முறையில் முழுச் சம்மதம் இல்லை. நியாயமாகப் பார்த்தால் வலுவான வட்டாரத்தில் இருப்பதற்கே ஒரு தண்டனை. ஆனால் இதில் வஞ்சம் இல்லை, பட்ஜெட் இருக்கிறது.

பட்டியலில் எப்படி நுழைந்தார்கள் என்று கேட்டாய். கான்பரன்ஸ் சாம்பியன்களுக்கு நேரடி இடம், அதில் நாற்பது சொச்சம் போய்விடும். மிச்சம் இருபது சொச்சம் இடத்தைத்தான் இங்கே 'பூல் சி' என்கிறார்கள். போன சீசன் வரை வட்டாரக் கமிட்டிகள் உட்கார்ந்து, வெற்றி விகிதம், எதிரிகளின் பலம், தரவரிசை டீம்களோடு ஆடிய கணக்கு என்று ஐந்தாறு அளவுகோலை வைத்து மணிக்கணக்கில் வாதாடும். இந்த சீசனிலிருந்து என்.பி.ஐ. என்று ஒரே எண். ஜெயித்தாயா, யாரோடு, உள்ளூரிலா வெளியூரிலா என்பதைச் சேர்த்துக் கணினி போடுகிற மார்க். நோஞ்சான் டீமை ஜெயித்து உன் மார்க் குறையுமானால் அந்த வெற்றியைக் கணக்கிலிருந்து எடுத்துவிடவும் வழி வைத்திருக்கிறார்கள். அதனால் டிசம்பரில் சோப்ளாங்கி டீம்களாகப் பார்த்து ஆடி ரெக்கார்டை ஊதிக் காட்டுகிற பழைய வித்தை எடுபடாது. பி.டி. சார் மாவட்ட டோர்னமென்டுக்கு டீம் கூப்பிடுகிற லட்சணம் ஞாபகம் வருகிறதா? இங்கே செல்லாதுடா அது.

அடுத்த வருஷத்துக்கு ஒன்று சொல்லிவைக்கிறேன். உன் பையன் டீம் கான்பரன்ஸ் ஃபைனலில் தோற்று, பூல் சி-யின் கடைசி இரண்டு மூன்று இடத்தில் ஊசலாடினால், அந்த வாரக் கடைசியில் நாடு முழுக்க மற்ற கான்பரன்ஸ்களில் முதலிடத்துக்காரனே ஜெயிக்கவேண்டும் என்று வேண்டிக்கொள். எப்படியும் உள்ளே வரப்போகிற பெரிய டீம் ஃபைனலில் சின்ன டீமிடம் தோற்றால், சின்னது நேரடி இடத்தை எடுத்துக்கொள்ளும், பெரியது பூல் சி-யில் ஒரு இடத்தைத் தின்னும். வெளியே தள்ளப்படுவது உன் ஆள். சின்னவன் ஜெயிக்கட்டும் என்று கைதட்டுகிற உன் பழக்கத்தை அந்த இரண்டு நாள் மட்டும் மூட்டைகட்டு. நியூயார்க் யுனிவர்சிட்டி, எமரி, சிகாகோ இருக்கிற யு.ஏ.ஏ. கான்பரன்ஸில் மட்டும் இந்தப் பயம் இல்லை. அங்கே கான்பரன்ஸ் டோர்னமென்டே கிடையாது, லீக்கில் முதலில் வந்தவன் போவான்.

இந்த வாரம் நடப்பது இதுதான். 16 இடங்களில் நாலு நாலு டீம். வெள்ளிக்கிழமை இரண்டு மேட்ச், ஜெயித்த இரண்டும் சனிக்கிழமை மோதும். நம் ஊர் மாதிரி லீக்-கம்-நாக் அவுட் இல்லை, தோற்றால் அன்றைக்கே பஸ் ஏறவேண்டியதுதான். நாலில் ஒருவன் தன் சொந்த ஜிம்மிலேயே ஆடுவான். பொதுவான மைதானம் என்ற பேச்சே கடைசி நாலு வரை கிடையாது. ஒரே காலேஜின் ஆண்கள் டீம், பெண்கள் டீம் இரண்டுமே ஹோஸ்ட் பண்ணத் தகுதி பெற்றால் இருவருக்கும் ஒரே ஜிம் போதாது. அதற்கு ஒரு வருஷம் ஆண்களுக்கு, மறு வருஷம் பெண்களுக்கு என்று முறை வைத்திருக்கிறார்கள். தரவரிசையில் மேலே இருக்கிறவன் சில சமயம் வெளியூர் போவது அதனால்தான். அதைப் பார்த்துவிட்டு இன்னொரு அரசியல் கட்டுரை எழுதாதே.

பெரும்பாலும் ஹோஸ்டுக்கு இரவு மேட்ச் கொடுப்பார்கள். உன் ஆட்களுக்கு முதல் மேட்ச் கிடைத்திருப்பது நல்லது. இரண்டு மூன்று மணி நேரம் கூடுதல் தூக்கம், மேலே உட்கார்ந்து நாளைய எதிரியை நேரிலேயே பார்க்கலாம். அடுத்தடுத்த நாள் ஆடும்போது கால் முதலில் போவது ஜம்ப் ஷாட்டில் தெரியும். சனிக்கிழமை இரண்டாம் பாதியில் மூன்று பாயின்ட் ஷாட்டெல்லாம் ரிங்கின் முன்விளிம்பில் தட்டினால் காரணம் அதுதான். ஒன்பது பேரைச் சுழற்றி ஆடுகிற கோச்சுக்கு அன்று மவுசு. உன் பையன் எட்டாவதோ ஒன்பதாவதோ ஆளாக இறங்குவான் என்றால் அது சனிக்கிழமைதான். அதற்கு முதலில் வெள்ளி ஜெயிக்கவேண்டும்.

விதிகள் நம் ஊரில் ஆடுகிற சர்வதேச (ஃபிபா) கூடைப்பந்து விதி மாதிரி இல்லை, அதனால் கத்தும் முன் இதைப் படி. நாலு குவார்ட்டர் கிடையாது, 20 நிமிடம் இரண்டு பாதி. ஷாட் கிளாக், அதாவது பந்து கிடைத்ததும் ஷாட் போடவேண்டிய நேரம், 24 நொடி இல்லை, 30. பாதி கோட்டைத் தாண்ட 8 நொடி இல்லை, 10. மூன்று பாயின்ட் கோடு மட்டும் இப்போது நம்முடையதேதான், 6.75 மீட்டர். டைம் அவுட்டை ஆடுகிற பையனே ரெஃப்ரியைப் பார்த்துக் கேட்கலாம், பந்து கையில் இருக்கும்போதே. தரையில் விழுந்து பந்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டு ஒருத்தன் கையைத் தட்டினால் அவனுக்கு வலிப்பு இல்லை, டைம் அவுட் கேட்கிறான்.

உனக்குக் குழம்பப்போவது ஃபவுல் கணக்கு. நம்மிடம் குவார்ட்டருக்கு ஐந்தாவது டீம் ஃபவுலிலிருந்து நேராக இரண்டு ஃப்ரீ த்ரோ. இங்கே பாதிக்கு ஏழாவது ஃபவுலிலிருந்து 'ஒன் அண்ட் ஒன்': முதல் ஃப்ரீ த்ரோ விழுந்தால்தான் இரண்டாவது உண்டு, தப்பினால் பந்து ஆட்டத்தில். பத்தாவதிலிருந்துதான் நிச்சயமாக இரண்டு. கடைசி இரண்டு நிமிடத்தில் எட்டு பாயின்ட் முன்னிலை கரைவது இதனால்தான். பின்தங்கியவன் வேண்டுமென்றே ஃபவுல் பண்ணுவான், அதுவும் 60 சதவீதம் போடுகிறவனாகத் தேடிப் பிடித்து. அவன் முதலாவதைத் தப்பவிட்டால் பந்தும் வரும், நேரமும் மிச்சம். எனவே கடைசி ஐந்து நிமிடத்தில் ஸ்கோரைப் பார்க்காதே, டீம் ஃபவுல் எண்ணைப் பார். எதிரணி ஆறில் நிற்கிறதா, ஒன்பதில் நிற்கிறதா என்பது மேட்சின் பாதிக் கதையைச் சொல்லிவிடும். நம்ம ஆளுங்களில் நல்ல ஃப்ரீ த்ரோ கை யாருக்கு என்று முன்னாலேயே பார்த்து வை. பந்து அவனிடம் போகாமல் இருக்க எதிரி என்னவெல்லாம் செய்கிறான் என்பதே தனி ஆட்டம்.

இன்னொன்று. டைம் அவுட் எடுத்தால் பந்தை முன்பக்கத்துக்கு நகர்த்திக்கொள்ளும் சலுகை இங்கே ஆண்கள் ஆட்டத்தில் கிடையாது. கோடியிலிருந்து முழு நீளமும் வரவேண்டும். 2014 ஃபைனலை யூடியூபில் தேடிப் பார். வில்லியம்ஸ் காலேஜ் ஒரு பாயின்ட் முன்னே, மிச்சம் ஐந்து நொடிகூட இல்லை. விஸ்கான்சின்-வைட்வாட்டர் பையன் தன் கூடைப் பக்கத்திலிருந்து பந்தோடு ஓடி வந்து லே-அப் போட்டு ஃபவுலும் வாங்கினான். 75-73. அன்று தோற்ற வில்லியம்ஸில் முதல் வருஷப் பையன் ஒருத்தன் இருந்தான், டங்கன் ராபின்சன். பிறகு என்.பி.ஏ.வில் மயாமி ஹீட்டுக்காக மூன்று பாயின்டாகப் போட்டுத் தள்ளினானே, அவன்தான்.

"மூணாந்தர டோர்னமென்ட்தானே" என்று உன் மச்சான் சொன்னதாக எழுதியிருந்தாய். அவரிடம் இதைச் சொல். 1975-ல் முதல் கோப்பையை எடுத்தது மெம்ஃபிஸில் இருக்கும் லிமாய்ன்-ஓவன், ஒரு சின்ன கறுப்பினக் கல்லூரி. விஸ்கான்சின்-பிளாட்வில் காலேஜில் கோச் போ ரயன் 1991, 1995, 1998, 1999 என்று நாலு முறை எடுத்தார், அங்கே ஊறவைத்த அதே 'ஸ்விங் அஃபென்ஸ்' என்ற தாக்குதல் முறையைத்தான் பிறகு மேடிசனில் இருக்கும் விஸ்கான்சின் யுனிவர்சிட்டிக்குக் கொண்டுபோய் 2015-ல் டிவிஷன் ஒன் ஃபைனல் வரை வந்தார். போபோவிச் என்.பி.ஏ.வின் சான் அன்டோனியோ டீமுக்குப் போகும் முன் பொமோனா-பிட்சர் காலேஜில் கோச். நியூயார்க் நிக்ஸுக்குக் கோச்சாக இருந்த திபடோ ஆடியது சேலம் ஸ்டேட்டில். சேலம் என்றதும் நிமிர்ந்து உட்காராதே, அது மாசசூசெட்ஸ் சேலம். டோர்னமென்டின் கடைசி நாலு டீம் மோதும் ஆட்டங்கள் 1996-லிருந்து இருபது வருஷத்துக்கு மேல் நடந்தது இன்னொரு சேலத்தில், வர்ஜீனியாவில். பிறகு இண்டியானாவின் ஃபோர்ட் வெய்னுக்குப் போனது. 2022 ஃபைனலில் அங்கே ராண்டால்ஃப்-மேக்கன் 75-45 என்று நசுக்கியது, அடுத்த வருஷமே கிறிஸ்டோபர் நியூபோர்ட் கடைசி நொடிக் கூடையில் 74-72. 2024-ல் கோப்பை டிரைனுக்கு.

ஒரு விஷயம் மட்டும் விளையாட்டாகச் சொல்லவில்லை. அந்த டீமில் நாலாம் வருஷப் பையன்கள் ஐந்து பேர் இருக்கிறார்கள். தோற்கிற அன்று அவர்களில் பெரும்பாலோருக்கு ஜெர்சி போட்டு ஆடுவது அத்தோடு முடிந்தது. ஸ்காலர்ஷிப் இல்லாமல், காலை ஆறு மணி பிராக்டிஸும் லேப் பரீட்சையும் சேர்ந்து சுமந்தவர்கள். 2020-ல் கடைசி 16-க்கு வந்து நின்ற பையன்களுக்குத் தோற்கக்கூட வாய்ப்பு கிடைக்கவில்லை, மார்ச் 12 அன்று கொரோனாவால் டோர்னமென்டையே நிறுத்தினார்கள். அதற்கு ஆறு நாள் முன்புதான் பால்டிமோரில் முதல் சுற்று, ஆளே இல்லாத ஜிம்மில் நடந்தது. ஆகவே தோற்றால் அன்றிரவு பையனுக்குப் போன் போட்டு "ஏன் ஜோன் டிஃபென்ஸ் ஆடலை" என்று கேட்காதே. அவன் பஸ்ஸில் அந்த நாலாம் வருஷப் பையன்கள் பக்கத்தில் உட்கார்ந்திருப்பான். ஞாயிறு கூப்பிடு, சாப்பிட்டாயா என்று கேள், போதும்.

இனி நேரம். வெள்ளி மாலை இங்கே 5 மணி மேட்ச் உனக்குச் சனி அதிகாலை 3:30. சனி இரவு 7:30 என்றால் உனக்கு ஞாயிறு காலை 6. ஞாயிறு விடியலில் இங்கே கடிகாரத்தை ஒரு மணி முன்னால் தள்ளுகிறோம், ஆகவே அடுத்த வாரம் தப்பிப் பிழைத்தார்கள் என்றால் அதே 7:30 உனக்கு 5 மணி. பழைய கணக்கில் அலாரம் வைத்தால் முதல் பாதி போன பிறகுதான் எழுந்திருப்பாய். இந்த இரண்டு வாரமும் ஒளிபரப்பு ஹோஸ்ட் காலேஜ் பொறுப்பு: உச்சியில் ஒரே கேமரா, உள்ளூர் மாணவன் கமென்ட்ரி, மூலையில் ஸ்கோர் சில நேரம் இருக்கும், சில நேரம் இருக்காது. சிலர் காசு கேட்பார்கள், முந்தின நாளே லிங்க்கைத் திறந்து பார்த்துக் கணக்கு ஆரம்பித்து வை. 3:25-க்கு பாஸ்வேர்டு மறந்தது என்று எனக்குப் போன் போடாதே.

பக்கத்தில் லைவ் ஸ்டாட்ஸ் திறந்து வைத்தால் ஃபவுல், நிமிடம் எல்லாம் தெரியும், ஆனால் அது வீடியோவுக்கு அரை நிமிடம் முன்னே ஓடும். வீடியோவில் பையன் ஃப்ரீ த்ரோ கோட்டில் பந்தைத் தட்டிக்கொண்டிருக்கும்போதே ஸ்டாட்ஸில் 'மிஸ்' வந்துவிடும். மணி அதைப் பார்த்துக்கொண்டு குரூப்பில் "போச்சுடா" என்று போடுவான் என்பது நிச்சயம். வெள்ளிக்கிழமை மட்டும் அவனை குரூப்பிலிருந்து தூக்கு. நீதானே அட்மின்.

உன்
ராஜு